அவங்கட ஊட்டுக்கு என்ன நடந்த?

பென் வீட்லி இயக்கிய ‘சைட்சீயர்ஸ்’ (2012) படத்தை ராத்திரி பார்த்துக்கொண்டிருந்தேன். உம்மா எட்டிப் பார்த்து என்ன படம் என்று கேட்டார். “கேம்ப் போன ரெண்டு பேர்ர கதை உம்மா.”

“ஏன், அவங்கட ஊட்டுக்கு என்ன நடந்த?”

சிரித்துவிட்டேன். பிறகுதான் விளங்கியது, அந்தக் கேள்விக்குள் நம்ம கரையின் வரலாறு கிடக்கிறது.

படத்தில் கிறிஸ், டீனா என்ற காதலர்கள் காருக்குப் பின்னால் கேரவன் ஒன்றைக் கொழுவிக்கொண்டு வட இங்கிலாந்தைச் சுற்றப் போகிறார்கள். ட்ராம் மியூசியத்தில் ஒருவன் குப்பை போடுகிறான். கிறிஸ் வண்டியைப் பின்னெடுத்து அவன் மேல் ஏற்றிவிடுகிறான். அதற்குப் பிறகு வழி நெடுகக் கொலைதான், இடையில் பென்சில் மியூசியமும் பார்க்கிறார்கள்! நடித்த ஆலிஸ் லோவும் ஸ்டீவ் ஓரமும்தான் கதையையும் எழுதியவர்கள். இந்த வகைக்கு மூத்தது, மைக் லீ பிபிசிக்காகச் செய்து 1976இல் ஒளிபரப்பான ‘நட்ஸ் இன் மே’. அதில் கொலை இல்லை. பக்கத்துக் கூடாரத்து ரேடியோச் சத்தத்தில் தொடங்கும் சண்டைதான். வீடு உள்ளவர்கள் விரும்பி வெளியே வந்து, அங்கேயும் தங்கள் சட்டத்தையே நடத்தப் பார்ப்பதுதான் இரண்டிலும் சிரிப்பு.

நமக்குக் கேம்ப் விரும்பிப் போன இடமல்ல. 1990இல் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களுக்குப் புத்தளத்து ஓலைக் கொட்டில்தான் கேம்ப். 2004 டிசம்பர் 26க்குப் பிறகு மருதமுனை, கல்முனை, சாய்ந்தமருது சனங்களுக்கு முதலில் பள்ளிக்கூடம், பிறகு கூடாரம், பிறகு தகரக் கொட்டில். கடலிலிருந்து 200 மீட்டருக்குள் கட்டக் கூடாது என்ற விதியும் வந்ததால், பலருக்குப் பழைய வளவுக்கும் திரும்ப வழியில்லை.

இருண்ட நகைச்சுவை நம்ம மாவட்டத்திலும் உண்டு. அக்கரைப்பற்றுக்குப் பக்கத்தில் நுரைச்சோலையில், சுனாமியில் வீடிழந்தவர்களுக்காக சவூதி நிதியில் 500 வீடுகள் கட்டினார்கள். பள்ளிவாசல், பாடசாலை, ஆஸ்பத்திரி எல்லாம் சேர்த்து. யாருக்குக் கொடுப்பது என்று வழக்கு வந்தது. அரச காணி என்பதால் எல்லா இனத்துக்கும் விகிதாசாரப்படி பகிர வேண்டுமென்று 2009இல் உயர் நீதிமன்றம் சொன்னது. வீடுகள் பல வருடம் பூட்டியே கிடந்தன. சுற்றிக் காடு வளர்ந்தது. ஒரு பக்கம் ஆளில்லாத வீடு, மறுபக்கம் வீடில்லாத ஆள். இதைப் படத்தில் காட்டினால் மிகை என்றுதான் விமர்சனம் எழுதுவோம்.

படம் முடிந்ததும் உம்மாவிடம் சொன்னேன்: “ஊட்டுக்கு ஒண்டும் நடக்கல்ல உம்மா, அவங்க சும்மா போனவங்க.”

“சும்மாவா?” என்றார்.