பந்தலும் அணுகுண்டும்: இடிந்தகரைப் பெண்களை எந்த வரலாற்றில் சேர்ப்பது?

உலக அமைதிக்கும் ஆயுத ஒழிப்புக்கும் பெண்கள் நடத்திய இயக்கங்களை எழுதப் புகுவோர் வழக்கமாக மூன்று இடங்களில் நிற்பார்கள். முதல் உலகப்போரின் நடுவே, 1915 ஏப்ரல் கடைசியில் 12 நாடுகளிலிருந்து ஆயிரத்துக்கு மேற்பட்ட பெண்கள் கூடிய ஹேக் மாநாடு. 1961 நவம்பர் 1 அன்று அணுகுண்டுச் சோதனைகளை நிறுத்தச் சொல்லி அமெரிக்க இல்லத்தரசிகள் வீட்டுவேலையைப் போட்டுவிட்டு வீதிக்கு வந்த 'அமைதிக்கான பெண்கள் வேலைநிறுத்தம்'. 1981 முதல் இங்கிலாந்தின் கிரீன்ஹாம் காமன் விமானத்தளத்தின் வேலியை ஒட்டிப் பெண்கள் அமைத்த முகாம். இந்த வரிசையில் தமிழ்நாட்டுக்கு இடமில்லை. கூடங்குளம் அணு உலையை எதிர்த்து, 2011 ஆகஸ்டிலிருந்து ஆண்டுக்கணக்கில், அதன் அருகிலுள்ள மீனவ ஊரான இடிந்தகரையின் லூர்து மாதா ஆலயத்தின் முன் பந்தலில் உட்கார்ந்திருந்த பெண்களைச் சுற்றுச்சூழல் என்ற தலைப்பிலும் மீனவர் வாழ்வாதாரம் என்ற தலைப்பிலும் வைத்துவிட்டு ஆய்வாளர்கள் நகர்ந்துவிடுகிறார்கள். அந்தப் போராட்டம் அணு ஆயுத ஒழிப்பு வரலாற்றிலும் இடம்பெற வேண்டியது என்பதே இக்கட்டுரையின் வாதம். கூடங்குளம் அணு உலை ஒரு மறைமுகக் குண்டுத் தொழிற்சாலை என்று காட்டி இதை நிறுவ நான் முயலவில்லை. அந்தக் கூற்று தவறு என்றே கருதுகிறேன். குண்டு செய்வதற்கென்று வளர்ந்த ஓர் அதிகார அமைப்பிடம் போய், 'எங்களிடம் கேட்டீர்களா?' என்று அந்தப் பெண்கள் கேட்டார்கள். ஆயுத ஒழிப்பு அரசியலின் அடிக்கேள்வியும் அதுதான்.

முதலில் மீனிலிருந்து தொடங்கலாம். 1954 மார்ச் 1 அன்று பிகினித் தீவில் அமெரிக்கா வெடித்த ஹைட்ரஜன் குண்டின் சாம்பல், பல மைல்களுக்கு அப்பால் சூரை மீன் பிடித்துக்கொண்டிருந்த ஒரு ஜப்பானியப் படகின் மேல் விழுந்தது. படகில் இருந்த 23 பேரும் கதிர்வீச்சால் பாதிக்கப்பட்டார்கள். அவர்களில் ஒருவர், வானொலி இயக்குநர் குபோயாமா ஐகிச்சி, அந்த ஆண்டு செப்டம்பரில் இறந்தார். சந்தையில் மீன் விலைபோகவில்லை. டோக்கியோவின் சுகினாமி வட்டாரத்தில் மீன்கடைக்காரர் ஒருவரின் மனைவி சுகவாரா தோமிகோ ஒரு கூட்டத்தில் எழுந்து இந்த நிலையைச் சொல்ல, அங்கிருந்த பெண்களின் வாசிப்பு வட்டங்கள் கையெழுத்து இயக்கத்தில் இறங்கின. அடுத்த ஆண்டுக்குள் நாடு முழுவதும் 3 கோடிக்கு மேல் கையெழுத்துகள் சேர்ந்தன. 1955 ஆகஸ்டில் ஹிரோஷிமாவில் அணுகுண்டுகளுக்கு எதிரான முதல் உலக மாநாடு கூடியது. உலகின் மிகப்பெரிய ஆயுத எதிர்ப்பு இயக்கங்களுள் ஒன்று பிறந்தது மீன்கூடையிலிருந்து என்பதை இடிந்தகரையைப் பற்றி எழுதுவோர் மறக்கக் கூடாது. வாழ்வாதாரம் ஒரு பக்கம், உலக அமைதி இன்னொரு பக்கம் என்று பிரித்துவைத்த அட்டவணையே கோளாறானது. அமெரிக்காவிலும் இதே கதைதான். 1958இல் செயின்ட் லூயி நகரில் குழந்தைகளின் விழுந்த பால்பற்களைச் சேகரித்து அவற்றில் ஸ்ட்ரான்சியம்-90 இருப்பதைக் கண்டறியும் ஆய்வு தொடங்கியது. பாலில் நஞ்சு என்ற செய்தியே தாய்மார்களை வீதிக்குக் கொண்டுவந்தது. 1963இல் வளிமண்டலச் சோதனைகளைத் தடைசெய்யும் ஒப்பந்தம் கையெழுத்தானது. ஆனால் ஜப்பானிய இயக்கம் ஒரு கோட்டையும் போட்டது. குண்டு வேண்டாம் என்று அந்நாடு கையெழுத்திட்ட அதே 1955இன் டிசம்பரில் அங்கே அணுசக்தி அடிப்படைச் சட்டம் நிறைவேறியது. அமைதிக்கான அணுவை அதே சமூகம் வரவேற்றது. அந்தக் கோட்டுக்கு என்ன விலை என்பது 2011 மார்ச்சில் ஃபுகுஷிமாவில் தெரிந்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் இடிந்தகரை எழுந்தது தற்செயல் அன்று. தொலைக்காட்சியில் பார்த்த கடலும் உலையும் அவர்கள் வாசலில் இருந்த கடலையும் உலையையும் போலவே இருந்தன.

இனி நிகழ்ந்தவற்றைச் சுருக்கமாகச் சொல்ல வேண்டும். 1988 நவம்பரில் ராஜீவ் காந்தியும் கொர்பச்சேவும் செய்துகொண்ட உடன்பாட்டில் தொடங்கிய திட்டம் இது. 1989 மே 1 அன்று கன்னியாகுமரியில் முடிந்த மீனவர் பேரணியின்போதே காவல்துறை துப்பாக்கியால் சுட்டது. 2011 செப்டம்பரில் நூற்றுக்கு மேற்பட்டோர் காலவரையற்ற உண்ணாவிரதம் இருந்தார்கள். மக்களின் அச்சம் தீரும் வரை பணியை நிறுத்திவைக்கக் கோரி மாநில அமைச்சரவை தீர்மானம் போட்டது. அதே அமைச்சரவை 2012 மார்ச் 19 அன்று உலைக்கு ஒப்புதல் அளித்தது. அதற்கு முந்தின நாள்தான் சங்கரன்கோவில் இடைத்தேர்தல் வாக்குப்பதிவு முடிந்திருந்தது. 2012 செப்டம்பர் 9 அன்று ஊரார் கடற்கரை வழியாக உலையை நோக்கி நடந்து, மணலில் இரவைக் கழித்தார்கள். மறுநாள் தடியடியும் கண்ணீர்ப்புகையும் வந்தபோது பலர் கடலில் இறங்கித் தப்பினார்கள். கைதான பெண்கள் திருச்சி மகளிர் சிறையில் வாரக்கணக்கில் இருந்தார்கள். இந்த நிகழ்வுகளுக்கு இடையே கழிந்த நாட்கள்தான் ஆய்வாளர் கண்ணில் படாதவை: பந்தலில் முறைவைத்து அமர்ந்து, மடியில் முறத்தை வைத்துப் பீடி சுற்றிக்கொண்டே அன்றைய உண்ணாவிரதத்தை முடித்து, மாலையில் வீடு திரும்பி அடுப்பு மூட்டிய நாட்கள். ஒரு போராட்டம் ஆண்டுக்கணக்கில் நிற்பது பேச்சாளர்களால் அன்று; இப்படிப்பட்ட நேர ஒதுக்கீட்டால்.

முதன்மையான மறுப்பு வலுவானது. அதை நேராகவே எதிர்கொள்ள வேண்டும். கூடங்குளத்தின் ரஷ்ய உலைகள் சர்வதேச அணுசக்தி முகமையின் கண்காணிப்பில் இருப்பவை. அங்கே எரிந்த யுரேனியத்திலிருந்து குண்டுக்குப் புளுட்டோனியம் எடுக்க வழியில்லை. அப்படியானால் ஆயுத ஒழிப்புக்கும் இதற்கும் என்ன தொடர்பு? பொருளளவில் தொடர்பில்லை என்று ஒப்புக்கொள்கிறேன். தொடர்பு இருப்பது நிறுவன அளவில். 1974 மே மாதம் பொக்ரானில் வெடித்த புளுட்டோனியம், கனடா அமைதிப் பயன்பாட்டுக்கென்று தந்த டிராம்பே ஆராய்ச்சி உலையில் உருவானது. அமெரிக்காவுடனான அணு உடன்பாட்டுக்காக 2006இல் குடிமைத் துறையையும் ராணுவத் துறையையும் பிரிக்க வேண்டி வந்தபோது, கல்பாக்கத்தின் வேக ஈனுலையைக் குடிமைப் பட்டியலில் சேர்க்க முடியாது என்று அணுசக்தித் துறைத் தலைவர் அனில் ககோட்கரே வெளிப்படையாகச் சொன்னார். அதற்கு அவர் சொன்ன காரணங்களில் எரிசக்தியோடு அணு ஆயுதத் தற்காப்பும் இருந்தது. போராட்டக் காலத்தில் நடைமுறையில் இருந்த 1962ஆம் ஆண்டு அணுசக்திச் சட்டம், மின் உலை பற்றிய தகவலையும் மறைக்க அரசுக்கு அதிகாரம் தந்தது. கூடங்குளத்தின் பாதுகாப்பு ஆய்வறிக்கையை வெளியிடுமாறு 2012 ஏப்ரலில் மத்தியத் தகவல் ஆணையம் உத்தரவிட்டபோது, அணுமின் கழகம் நீதிமன்றத்துக்குப் போனது. மின்சாரம் தயாரிக்கும் ஒரு நிறுவனம் தன் அறிக்கையை இந்த அளவுக்குப் பொத்திக் காப்பது எந்தப் பழக்கத்தினால் என்று கேட்க வேண்டும். அனல்மின் நிலையத்துக்கு இப்படி ஒரு தனிச் சட்டம் கிடையாது. இன்னொரு சான்று, பலரும் கவனிக்காமல் விட்டது: உலை பாதுகாப்பானது என்று 2011 நவம்பர் 6 அன்று சான்று சொல்ல வந்தவர் அப்துல் கலாம். ஏவுகணைத் திட்டத்தாலும் 1998 பொக்ரான் சோதனையாலும் புகழ்பெற்ற ஒருவரை மின் உலைக்குச் சாட்சியாக நிறுத்துவதில் அரசு எந்த முரணையும் காணவில்லை. உலைக்குள் சென்று பார்த்து நிறைவு தெரிவித்த அவர் இடிந்தகரைப் பந்தலுக்கு வரவில்லை.

அரசின் எதிர்வினையையும் இந்த இடத்தில் சான்றாகக் கொள்ளலாம். மின்திட்டத்தை எதிர்ப்பவர் மேல் சட்டவிரோதக் கூட்டம், அத்துமீறல் என்ற வழக்குகள் விழுவது வழக்கம். இங்கே ஆயிரக்கணக்கானோர் மேல் தேசத்துரோக வழக்கும், அரசுக்கு எதிராகப் போர் தொடுத்ததாக வழக்கும் பதிவாயின. பந்தலில் உட்கார்ந்திருந்த பெண்களைப் போர்ச் சொற்களால் விவரித்தது போராட்டக்காரர்கள் அல்லர், காவல்துறையின் முதல் தகவல் அறிக்கைகள். எல்லாம் காவல்துறையின் மிகை என்று ஒருவர் சொல்லலாம். ஆனால் 2012 பிப்ரவரியில் பிரதமர் மன்மோகன் சிங்கே போராட்டத்தின் பின்னால் அமெரிக்கத் தொண்டு நிறுவனங்கள் இருப்பதாகச் சொன்னார். மேலிருந்து கீழ்வரை ஒரே மொழி.

இரண்டாவது மறுப்பு பெண்ணிய ஆய்வாளர்களிடமிருந்து வரக்கூடியது. தலைமையில் இருந்தவர்கள் உதயகுமார், புஷ்பராயன் முதலிய ஆண்கள். பெண்கள் தாய்மையின் பேரால் கேடயமாக முன்வரிசையில் உட்காரவைக்கப்பட்டவர்கள். தாய்மையை முதலாக வைத்து நடத்தும் அரசியல் பெண்ணை மீண்டும் அடுப்படிக்கே அனுப்பும். இதில் பாதி உண்மை. அறிக்கைகளில் கையெழுத்திட்டவர்கள் பெரும்பாலும் ஆண்கள்தாம். ஆனால் 2012 செப்டம்பருக்குப் பின் தலைவர்களைத் தேடிக் காவல்துறை சூழ்ந்தபோது பந்தலைக் கலையாமல் காத்தவர்கள் பெண்கள். கேடயம் என்று சொல்லப்பட்டவர்கள் சிறைக்கும் போனார்கள். தாய்மை எவ்வளவு பாதுகாப்புத் தரும் என்பதும் எல்லா இடத்திலும் ஒன்றாக இருப்பதில்லை. 1962 டிசம்பரில் அமெரிக்க நாடாளுமன்றத்தின் கம்யூனிச வேட்டைக் குழு அமைதிக்கான பெண்களை விசாரணைக்கு அழைத்தபோது, பெண்கள் கைக்குழந்தைகளோடு வந்து அவையை நிரப்பினார்கள். சாட்சி சொன்னவர்களைக் கைதட்டி வரவேற்றார்கள். கேள்வி கேட்டவர்கள்தாம் பத்திரிகைகளில் கேலிக்குள்ளானார்கள். நடுத்தர வர்க்கத்து வெள்ளைத் தாய் என்ற உருவம் அங்கே சந்தேகத்தைத் தணித்தது. இடிந்தகரையில் அது நடக்கவில்லை. மீனவச் சாதி, சிறுபான்மை மதம், கோயிலடியில் பந்தல் என்ற மூன்றும் சேர்ந்தபோது அதே தாய்மை வெளிநாட்டுப் பணத்தின் முகமூடியாகப் பார்க்கப்பட்டது. ஆகவே, தாய்மை அரசியல் நல்லதா கெட்டதா என்று பொதுவில் விவாதிப்பதைவிட, யாருடைய தாய்மையை அரசு தாய்மையாக ஏற்கிறது என்று கேட்பது பயனுள்ளது. இந்தக் கேள்வியை மேலை ஆய்வுகள் போதிய அளவு கேட்டதாக எனக்குத் தோன்றவில்லை.

மூன்றாவது மறுப்பு நம் வட்டாரத்திலிருந்தே எழும். 2012இல் சென்னைக்கு வெளியே மின்வெட்டு ஒரு நாளில் பத்து மணி நேரத்தையும் தாண்டியது. விருத்தாசலம் போன்ற பீங்கான் தொழில் ஊரில் மண் அரைக்கும் இயந்திரம் நின்றால் சூளைக்குப் போக எதுவும் இருக்காது; அங்கும் கூலி இழந்தவர்களில் பெண்கள் நிறைய. கடலோரப் பெண்களின் அச்சத்துக்காக உள்நாட்டுப் பெண்களின் கூலி போக வேண்டுமா? இந்தக் கேள்வியை நியாயமற்றது என்று தள்ளிவிட முடியாது; போராட்டத்தின் மேல் பொதுமக்களுக்கு எரிச்சல் வந்ததும் இதனால்தான். ஆனால் காலக்கணக்கு இந்த மறுப்புக்கு இடம் தரவில்லை. முதல் உலை தொடர்வினையைத் தொட்டது 2013 ஜூலையில். வணிக உற்பத்தி தொடங்கியது 2014 டிசம்பர் கடைசியில். 2012இன் இருளை அது போக்கியிருக்க வழியே இல்லை. அதன் மின்சாரத்திலும் ஒரு பகுதி அண்டை மாநிலங்களுக்கு உரியது. மின்வெட்டின் பேரால் ஒரு பெண்ணின் கூலியை இன்னொரு பெண்ணின் கடலுக்கு எதிராக நிறுத்தியது அன்றைய அரசியல் பேச்சு. உலை அட்டவணையில் அப்படி ஒரு மோதல் இருக்கவில்லை. நெய்வேலியின் பழுப்பு நிலக்கரி பக்கத்திலேயே இருக்கும் நமக்கு, எந்த மின்சாரமும் யாரோ ஒருவரின் நிலத்தைத் தின்றுதான் வருகிறது என்று தெரியும். அப்படி இழப்பவரிடம் முன்கூட்டிக் கேட்க வேண்டும் என்ற கோரிக்கை அதனால் வலுக்கிறதே தவிரக் குறைவதில்லை.

இவ்வளவு சொன்ன பிறகு போராட்டத்தின் குறையையும் சொல்ல வேண்டும். தமிழ்நாட்டில் அணு ஆயுதத்தோடு நேரடித் தொடர்புள்ள இடம் கூடங்குளம் அன்று, கல்பாக்கம். அங்கே சென்னை அணுமின் நிலையத்தின் இரண்டு உலைகளும் வேக ஈனுலையும் சர்வதேசக் கண்காணிப்புக்கு வெளியே வைக்கப்பட்டிருக்கின்றன. அரிஹந்த் நீர்மூழ்கிக் கப்பலுக்கான உலையின் தரைமாதிரி இயங்குவதும் அங்கேதான். அரசே 2009இல் அதை வெளியில் சொன்னது. 2004 ஆழிப்பேரலை அங்குள்ள குடியிருப்பில் உயிர்களைக் கொண்டுபோனது. ஆனாலும் இடிந்தகரைக்கு நிகரான பெண்கள் பந்தல் கல்பாக்கத்தைச் சுற்றிய மீனவக் குப்பங்களில் எழவில்லை. கட்டி முடிக்கப்படாத உலையைத் தடுக்கலாம் என்ற நம்பிக்கை ஒரு பக்கம். பல பத்தாண்டுகளாக ஓடும் உலையில் ஒப்பந்தக் கூலி பார்க்கும் குடும்பங்கள் இன்னொரு பக்கம். போராட்டங்கள் ஆபத்தின் அளவைப் பார்த்து இடம் தேர்வதில்லை. அணு ஆயுத ஒழிப்பு, அமைதிக்கான கூட்டமைப்பு போன்ற தேசிய அமைப்புகள் இடிந்தகரைக்கு ஆதரவாக நின்றபோதும், அங்கே எழுந்த கேள்வியைக் கல்பாக்கம் வரை கொண்டுபோக அவற்றால் முடியவில்லை. இது இயக்கத்தின் தோல்வி. அதைக் கடலோரப் பெண்களின் தோளில் ஏற்றுவது தகாது.

உலக அரங்கிலும் இதே இடைவெளி இருக்கிறது. 2017 ஜூலை 7 அன்று 122 நாடுகளின் வாக்கோடு நிறைவேறிய அணு ஆயுதத் தடை ஒப்பந்தத்தின் முகப்புரை, கதிர்வீச்சு பெண்களையும் சிறுமிகளையும் கூடுதலாகத் தாக்குகிறது என்று ஏற்கிறது. அதே முகப்புரை அமைதிக்கான அணுசக்தியை நாடுகளின் பறிக்க முடியாத உரிமை என்றும் சொல்கிறது. சுகினாமி போட்ட கோடு அறுபது ஆண்டுகளுக்குப் பின்னும் அழியவில்லை. இந்தியா அந்தப் பேச்சுவார்த்தையில் கலந்துகொள்ளவே இல்லை. பெண்ணின் உடலை ஆயுத ஒழிப்புக்குக் காரணமாகக் காட்டும் ஓர் ஆவணம், உலையருகே வாழும் பெண்ணின் ஒப்புதலைப் பற்றிப் பேசாமல் விடுவதை இடிந்தகரையிலிருந்து வாசித்தால்தான் தெரிகிறது. உள்நாட்டுக்குத் திரும்பினால், 2013 மே 6 அன்று உச்ச நீதிமன்றம் உலைக்கு அனுமதி அளித்தபோது, பகுதியில் அமைதி திரும்புவதற்காகப் போராட்டக்காரர்கள் மேலுள்ள குற்ற வழக்குகளைத் திரும்பப் பெற முயல வேண்டும் என்றும் சொன்னது. உலை பற்றிய பகுதி உடனே நடைமுறைக்கு வந்தது. வழக்குகள் பற்றிய பகுதி ஆண்டுக்கணக்கில் தவணை தவணையாக நகர்ந்தது. அதற்கிடையில் வெளிநாட்டு வேலைக்குப் போக நினைத்த ஊர் இளைஞர்கள் கடவுச்சீட்டுக்காகக் காவல் நிலையத்துக்கும் நீதிமன்றத்துக்கும் அலைந்துகொண்டிருந்தார்கள்.