எம்.பி. சீனிவாசன்: பாட்டும் கூலியும்

தமிழ்த் திரையிசை வரலாறு எழுதுகிறவர்கள் எம்.பி. சீனிவாசனை ஒரே வரியில் தாண்டிவிடுவார்கள். யேசுதாசின் முதல் பாட்டை ஒலிப்பதிவு செய்தவர் (1961, மலையாளத்தில் ‘கால்பாடுகள்’). அவ்வளவுதான். இன்னொருவர் பத்திரத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர் மாதிரி.

1925-இல் சித்தூரில் பிறந்தவர். கம்யூனிஸ்ட். டெல்லியில் ஏ.கே. கோபாலனுக்குச் செயலாளராக இருந்தவர். தமிழில் அவர் பெயர் சொல்கிற படம் நிமாய் கோஷ் இயக்கிய ‘பாதை தெரியுது பார்’ (1960). தொழிலாளர் ஒற்றுமையைப் பேசிய அந்தப் படம் ஓடவில்லை. ஜெயகாந்தன் எழுதி, பி.பி. ஸ்ரீநிவாஸும் ஜானகியும் பாடிய காதல் பாட்டு ஓடியது. எங்கள் சூலக்கரைப் பக்கம் கல்யாண வீட்டு ரேடியோ செட்டில் அதைக் கேட்டவர்களில் எத்தனை பேருக்கு அது தொழிலாளர் படத்துப் பாட்டென்று தெரியும்? பாட்டைப் படத்திலிருந்து பிய்த்து விற்பது சந்தைக்குக் கைவந்த கலை.

நம் வரலாறுகள் தொடாத இடம் வேறு. திரைப்பட வாத்தியக்காரர்களுக்குச் சென்னையில் சங்கம் கட்டியவர் இவர். வயலின்காரரும் தபேலாக்காரரும் இசைத்தட்டு உறையில் பெயரில்லாதவர்கள். வேலை இருக்கிற அன்றைக்குத்தான் கூலி. தீப்பெட்டியையும் சரவெடியையும் எண்ணிக் கொடுத்துக் கூலி வாங்குகிற எங்க ஊர் ஜனங்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. விளக்க வேண்டியது நம் விமர்சகர்களுக்குத்தான். ‘ஆசிரியன் செத்துட்டான்’ என்று பார்த்தைச் சொல்லிக் கைதட்டு வாங்குகிற நம்மாட்கள், இசையமைப்பாளன் என்றதும் ‘மேதை’ என்று கும்பிடு போடுகிறார்கள். அந்த மேதைக்கு முன்னால் உட்கார்ந்து வாசித்தவனின் உழைப்பு எந்தப் பிரதியில் பதிவாகியிருக்கிறது? கோல் பிடிக்கிற இடத்தில் நின்றுகொண்டே, எதிரே உட்கார்ந்திருப்பவனின் கூலியைப் பற்றி யோசித்தவர் சீனிவாசன்.

சங்கம் வைத்ததால்தான் தமிழில் படம் குறைந்தது என்று சொல்வதுண்டு. அதையே முழுக் காரணமாக்க எனக்கு ஒப்பவில்லை. அடக்கி வாசிக்கிற அவர் இசைக்கு இங்கே இடமில்லை. கேரளத்தில் ‘சுயம்வரம்’ (1972), ‘உள்கடல்’ (1979), ‘எலிப்பத்தாயம்’ (1981) என்று இடம் இருந்தது. தமிழ் அவரை நடிகராகப் பயன்படுத்திக்கொண்டது, அதுவும் ஜான் ஆபிரகாம் வந்து ‘அக்ரஹாரத்தில் கழுதை’ (1977) எடுத்ததால்.

1971-இல் மெட்ராஸ் யூத் கொயரைத் தொடங்கினார். பாரதி பாடல்களைப் பல குரல்களுக்குப் பிரித்து அமைத்தார். நம் மேடைகளில் ஒருத்தர் பாடுவார், மத்தவங்க திருப்பிப் பாடுவோம். தலைவர் பேசுவார், நாம கேட்போம் என்பதன் இசை வடிவம் அது. சேர்ந்திசையில் ஒவ்வொரு குரலுக்கும் தனி வரி. பக்கத்துக் குரலைக் கேட்காமல் பாடினால் பாட்டே குலைந்துபோகும். இது ஏன் நம் இயக்கங்களுக்குள் பரவவில்லை? சேர்ந்திசை தேசிய ஒருமைப்பாட்டுப் பாட்டாகி அரசு விழாவுக்குப் போனதை மறைக்க வேண்டாம். ஆனால் அரசு கூப்பிடும்வரை நாம் கூப்பிட்டோமா என்பதும் கேள்விதான்.

1988 மார்ச்சில் லட்சத்தீவில் இறந்தார். குழு அவர் பெயரிலேயே, எம்.பி.எஸ். யூத் கொயர் என்று தொடர்ந்தது.