பவர்டேபிள்

திருப்பூரில் எந்தச் சந்துக்குள் திரும்பினாலும் மின்கம்பத்தில் ஓர் அட்டை தொங்கும்: ‘ஓவர்லாக், பேட்லாக் டெய்லர் தேவை’. ஃபிளாட்லாக்தான் இந்த ஊர் வாயில் பேட்லாக் ஆகிவிட்டது. அந்த டெய்லர்கள் உட்காரும் இடத்துக்குப் பெயர் பவர்டேபிள். “மின்சார மேசையா? தானாக நகருமா?” என்று கேட்டார் வெளியூர் நண்பர். சிரித்தேன், பிறகுதான் நானும் யோசித்தேன்.

மேசை போர்த்துக்கீசியர் விட்டுச்சென்ற சொல், அவர்களின் ‘மேசா’. அதற்கும் மூலம் இலத்தீன் ‘மென்சா’. ஆங்கிலேயரின் டேபிளோ ‘தபுலா’ என்ற இன்னோர் இலத்தீன் சொல்லின் வழி வந்தது, பொருள், பலகை. பள்ளிக்கூடத்துக்கு மேசை, கம்பெனிக்கு டேபிள் என்று நாம் பிரித்துக்கொண்டோம். (அந்தக் கம்பெனியில் தைக்கும் பனியனும் வந்தேறிதான்: குஜராத்தி வணிகரைக் குறித்த பெயர், சட்டைக்கு ஏறியது.)

பவர்டேபிள் முதலில் நிஜமாகவே ஒரு மேசை. நீளப் பலகை, அடியில் அதன் நீளத்துக்கு ஓடும் ஷாப்ட், ஒரு முனையில் ஒரே மோட்டார். ஷாப்டிலிருந்து மேலேறும் பெல்ட்டுகள் வரிசையாக நிற்கும் தையல் மிஷின்களைச் சுற்றும். கால் வலிக்க மிதித்த காலம் போய், பெடலைத் தொட்டால் ஊசி பறந்தது. மேசைக்கே பவர் வந்ததுபோல் இருந்திருக்கும்.

பின்னால் மிஷினுக்கொரு மோட்டார் வந்தது, ஷாப்ட் போனது. பெயர் போகவில்லை. மரச்சாமானை விட்டிறங்கி, கூலிக்குத் தைத்துக் கொடுக்கும் தொழிலுக்கே பெயராகிவிட்டது. “பவர்டேபிள் போட்டிருக்காருங்க” என்றால், கம்பெனியிலிருந்து வெட்டிய பீஸ் வாங்கித் தைக்கும் சின்ன யூனிட் வைத்திருக்கிறார் என்று அர்த்தம். பவர்டேபிள் உரிமையாளர்களுக்குச் சங்கம் உண்டு. 1956இல் தொடங்கிய பனியன் உற்பத்தியாளர் சங்கமான சைமாவோடு தையல் கூலி பேசுவது அதுதான். பேரம் பேச வந்த மேசை வேறெங்கும் இருக்குமா, தெரியவில்லை.

டெய்லருக்குப் பக்கத்தில் நின்று துணியை மடித்துக் கொடுப்பவருக்கு மட்டும் சுத்தத் தமிழில் பெயர்: கைமடி. கூலி குறைந்த வேலைக்குத்தான் தமிழ் மிஞ்சியிருக்கிறது.

எங்கள் தெரு யூனிட்டில் பழைய ஷாப்ட் காலத்துப் பலகை ஒன்று கிடக்கிறது. பெல்ட் ஏறியிறங்கிய ஓட்டைகள் வரிசையாக, விளிம்பு வழவழத்து. அதன்மேல் பீஸ் கட்டுகளை அடுக்குகிறார்கள். அதை யாரும் பவர்டேபிள் என்பதில்லை. பெஞ்சு.