ஓஸ் பைப்புக்கு மூட்டு பிறந்த கதை

பழவேற்காட்டில் டச்சுக்காரர்கள் கெல்ட்ரியா கோட்டையைக் கட்டியது 1613-இல். 1690-இல் நாகப்பட்டினத்துக்கு இடம் மாறும்வரை, சோழமண்டலக் கரையில் அவர்களுடைய வணிகத்துக்கெல்லாம் இந்த ஏரிக்கரைதான் தலைமையிடம். கோட்டையில் அவர்கள் கொடி பறந்த அதே காலத்தில், அவர்களுடைய ஆம்ஸ்டர்டாமில் ஓஸ் பைப் பிறந்தது. அதைப் பெற்றெடுத்தவர் ஓர் ஓவியர். யான் வான் டெர் ஹெய்டன் என்ற அவர், வீட்டுச் சுவர்களைச் செங்கல் செங்கலாக வரைவதில் பேர்போனவர்.

அதுவரை தீயணைப்பு என்றால் வாளிதான். பம்பு இருந்தது, ஆனால் அதன் வாய் பம்போடு சேர்ந்தே நிற்கும். தெருவில் நின்றபடி எட்டிய தூரத்துக்குப் பீய்ச்சும், அவ்வளவே. வீட்டுக்குள் எரியும் நெருப்புக்குப் பக்கத்தில் தண்ணீர் போகாது. ஹெய்டனும் அவர் சகோதரர் நிக்கோலாஸும் 1672, 73 வாக்கில் தோலைப் பூட்ஸ் தைப்பதுபோல் குழாயாகத் தைத்து, அந்தக் குறையைத் தீர்த்தார்கள்.

தோல் குழாயை எல்லோரும் சொல்கிறார்கள். எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது, ஐம்பது அடிக்கு ஒன்றாக அவர்கள் வைத்த பித்தளை மூட்டு. நூறு மீட்டர் தோலை ஒரே குழாயாகச் சுமக்க முடியாது. ஓரிடத்தில் கிழிந்தால் மொத்தமும் வீண். மூட்டு வந்ததும் வேண்டிய நீளத்துக்குச் சேர்க்கலாம், கிழிந்த துண்டை மட்டும் கழற்றலாம். தோல் போய், சார்லஸ் குட்இயர் 1839-இல் கண்டுபிடித்த வல்கனைஸ் ரப்பர் வந்தது. பிறகு பிவிசி வந்தது. பித்தளை மூட்டு மட்டும் இன்றும் இருக்கிறது.

ஆனால் மூட்டு பிறந்தபோதே தகராறும் பிறந்துவிட்டது. மரையை ஒவ்வொரு பட்டறையும் தன் இஷ்டத்துக்கு வெட்டியது. 1841-இல் இங்கிலாந்தின் ஜோசப் விட்வொர்த், மரையின் பல்லுக்கு 55 டிகிரி கோணம், இந்த அளவுக்கு இத்தனை பல் என்று ஒரு பொதுக் கணக்கை முன்வைத்தார். 1864-இல் அமெரிக்காவின் வில்லியம் செல்லர்ஸ் 60 டிகிரி என்றார். இந்த ஐந்து டிகிரி வித்தியாசம் இன்றைக்கும் நம் குழாயடியில் ஒழுகுகிறது.

மரை பொருந்தாவிட்டால் எத்தனை மோசமாகப் போகும் என்பதை 1904 பிப்ரவரியில் அமெரிக்காவின் பால்டிமோர் நகரம் கண்டது. தீ முப்பது மணி நேரத்துக்கு மேல் எரிந்தது. வாஷிங்டன், பிலடெல்பியா என்று பக்கத்து ஊர்களிலிருந்தெல்லாம் தீயணைப்பு வண்டிகள் ஓடி வந்தன. ஆனால் வந்தவர்களின் பைப், பால்டிமோரின் தெருக்குழாயில் ஏறவில்லை, மரை வேறு! தண்ணீர் இருந்தது, பைப் இருந்தது, ஆள் இருந்தது. 1,500-க்கும் மேற்பட்ட கட்டடங்கள் எரிந்தன. அந்த நாட்டில் அன்று 600-க்கும் மேற்பட்ட வகைத் தீயணைப்பு மூட்டுகள் புழக்கத்தில் இருந்தனவாம். அடுத்த ஆண்டே ஒரே அளவுக்கான விதி வந்தது. அடாப்டர் என்னும் சிறு துண்டைக் கடையில் அலட்சியமாகப் பார்க்கிறவர்கள் இந்தத் தீயை நினைத்துக்கொள்ளலாம்.

நமக்கு வந்தது விட்வொர்த்தின் வழி, ஆங்கிலேயர் வழி. 1956-இல் மெட்ரிக் சட்டம் போட்டும், குழாய் மரை மட்டும் இஞ்ச்சிலேயே நின்றுவிட்டது. "அரை இஞ்ச்" குழாயின் மரையை அளந்து பாருங்கள், வெளி விட்டம் ஏறத்தாழ 21 மில்லிமீட்டர் இருக்கும். பெயரிலுள்ள அரை இஞ்ச், பழைய இரும்புக் குழாயின் உள்வாயைக் குறித்தது. நம்முடையதைப் போலவே அமெரிக்க அரை இஞ்ச் மரைக்கும் இஞ்ச்சுக்கு 14 பல்தான். அதனால் ஒன்றில் ஒன்று இரண்டு சுற்று அழகாக ஏறும், பிறகு இறுகும், ஒழுகும். டெஃப்லான் டேப்பைச் சுற்றிச் சுற்றி ஏமாறுவது இங்கேதான்.

பிரஷர் வாஷர் இந்தக் குடும்பத்துக்குப் பிந்தி வந்த மருமகள். 1950-இல் ஜெர்மனியின் ஆல்ஃபிரட் கேர்ஷர், ஐரோப்பாவின் முதல் சுடுநீர் உயர் அழுத்தக் கழுவியைச் செய்தார். மெஷினுக்குள் தண்ணீர் போகும் வாயில் நம் பழைய இஞ்ச் மரை. வெளியே கன்னுக்குப் போகும் வாயில் மெட்ரிக் மரை, பெரும்பாலும் எம்22, அதாவது 22 மில்லிமீட்டர். இரண்டு நாட்டுக் கணக்கும் ஒரே பெட்டியில். எம்22-லும் ஒரு பொறி உண்டு: மரை ஒன்றேதான், உள்ளே நுழையும் தண்டு மட்டும் சிலதில் 14 மில்லிமீட்டர், சிலதில் 15. பதினைந்துக்கான துளையில் பதினான்கு தண்டு சுகமாக ஏறிவிடும். மெஷினைப் போட்டதும் ஓ ரிங் என்னும் ரப்பர் வளையம் பிய்த்துக்கொண்டு தண்ணீர் சீறும்.

ஏன் ஒரு மில்லிமீட்டருக்கு இத்தனை கோபம்? பத்து மீட்டர் உயரத் தொட்டியிலிருந்து வரும் தண்ணீரின் அழுத்தம் ஏறத்தாழ 1 பார். வீட்டு வாஷர் கொடுப்பது 120 பார் அளவில். அந்த 14 மில்லிமீட்டர் வாயை அது பிடித்துத் தள்ளும் விசை, ஏறக்குறைய 185 கிலோ எடை. அதைத் தடுத்து நிற்பது மரையும் ஒரு ரப்பர் வளையமும். அந்த ஓ ரிங்குக்கு அமெரிக்காவில் 1939-இல் காப்புரிமை பெற்றவர், டென்மார்க்கில் பிறந்த நீல்ஸ் கிறிஸ்டென்சன். எழுபது வயது தாண்டிய மனிதர். சீறும் இடத்தை விரலால் மட்டும் அடைக்காதீர்கள். அந்த அழுத்தத்துத் தண்ணீர் தோலைத் துளைத்து உள்ளே போகும். வெளியே சிறு புள்ளியாகத் தெரிந்தாலும் ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டிய காயம் அது.

பழவேற்காட்டுப் பக்கம் கோட்டைக்குப்பம், நடூர் மாதாகுப்பம், வைரவன்குப்பம் போன்ற ஊர்களில் ஃபைபர் படகைக் கழுவ இப்படி ஒன்றை வாங்குகிறவர் இன்னொன்றையும் கணக்கில் வைக்க வேண்டும்: உப்பு. ஏரித் தண்ணீரை மெஷினுக்குக் காட்டவே கூடாது, பம்பும் வால்வும் அரித்துப்போகும். நல்ல தண்ணீரை டிரம்மில் பிடித்துத்தான் கொடுக்க வேண்டும். அலுமினிய மூட்டைப் பித்தளையோடு திருகினால், உப்புக் காற்றில் அலுமினியம் அரித்து, இரண்டும் ஒட்டிக்கொண்டு பிறகு கழறவே கழறாது. உள்ளே போகும் வாயில் அழுத்தம் குறைவு, அங்கே நல்ல பிளாஸ்டிக் கிளிக் மூட்டு போதும். அதற்குத் துருவும் இல்லை. 1968-இல் ஜெர்மனியின் கார்டெனா கம்பெனி கொண்டுவந்த வகை அது. வெளியே வரும் வாய்க்குப் பித்தளை அல்லது ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் தவிர வேறெதுவும் வேண்டாம். அவுட்போர்டு எஞ்சினை நல்ல தண்ணீரில் ஓடவிட்டுக் கழுவ, இரண்டு ரப்பர் கிண்ணம் வைத்த மாட்டி ஒன்று கிடைக்கிறது. அதை வாஷரோடு இணைக்காமல் சாதாரண ஓஸ் பைப்பில்தான் மாட்ட வேண்டும்.

டிரம்மிலிருந்து உறிஞ்சும்போது கிளாம்ப் தளர்ந்திருந்தால் தண்ணீர் ஒழுகாது, காற்று உள்ளே போகும். வெளியே ஒன்றும் தெரியாது, பம்பு மட்டும் கடகடவென்று கத்தும், அடி விட்டு விட்டு வரும். திருகாணியால் இறுகும் அந்தக் கிளாம்ப்புக்கு 1921-இல் காப்புரிமை பெற்றவர் லம்லி ராபின்சன், பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி. மலிவான கிளாம்ப்பில் பட்டை ஸ்டெயின்லெஸாக இருக்கும், திருகாணி சாதா இரும்பாக இருக்கும். கடல் காற்றில் முதலில் துருவேறுவது அந்தத் திருகாணிதான். பொன்னேரிக்குப் போய் வாங்கும்போது, பட்டையும் ஆணியும் இரண்டும் ஸ்டெயின்லெஸா என்று கேட்டு வாங்குங்கள். பழைய துண்டையும் கையோடு எடுத்துப் போங்கள்.