வைகறையில் கோயில் காணல்: அங்கோர் முதல் முள்ளிநாடு வரை

காம்போசத் தலைநகர்களின் சிதைவுகளிடையே சியாம் ரீப் என்னும் ஊர் உள்ளது. அங்கே நாள்தோறும் விடியலுக்கு முன்பே சிறு சிறு குழுக்கள் புறப்படுகின்றன. பன்னாட்டுப் பயணியர் எட்டுப் பேரோ பத்துப் பேரோ சேர்ந்து, உள்ளூர் வழிகாட்டி ஒருவரைப் பின்தொடர்ந்து, இருளில் அங்கோர் வாட் கோயிலின் அகழியைக் கடக்கின்றனர். மேற்கு வாயிலின் உட்புறத்தில், குளக்கரையில், கிழக்கு நோக்கி நிற்கின்றனர். வானம் வெளுக்கிறது, ஐந்து கோபுரங்களின் புறவடிவம் தோன்றுகிறது, நீரில் அதன் நிழல் படிகிறது. உலகெங்கும் அச்சாகிய படங்களால் அக்காட்சியை அறியாதவர் இன்று அரியர்.

பொருநை பாயும் திருநெல்வேலிச் சீமையிலும் அதே நூற்றாண்டுகளைச் சேர்ந்த கற்கோயில்கள் உள்ளன. மாஞ்சோலை மலையடிவாரத்தை ஒட்டிய வயல்வெளிகளில், அம்பாசமுத்திரத்தின் அண்மையில், திருவாலீசுவரமும் மன்னார்கோயிலும் பிரமதேசமும் ஒன்றுக்கொன்று சில கிலோமீட்டர் தொலைவிலேயே அமைந்திருக்கின்றன. அவற்றின் முன் வைகறையில் நிற்பவர், வழிபட வரும் ஊரார் சிலரே. இவ்வேறுபாட்டுக்குச் சாலையும் விடுதியும் விளம்பரமும் மட்டுமே காரணம் என்று கூறிவிட முடியாது. கோயிலைக் காட்டும் கலை ஓரிடத்தில் வளர்ந்தது. மற்றோரிடத்தில் வளரவில்லை என்பதே உண்மைக்கு அணுக்கமானது.

கடல் கடந்த உறவு

அங்கோரையும் பொருநைக் கரையையும் ஒருங்கே பேசுவது வலிந்து கொண்ட ஒப்பீடு அன்று. முதலாம் இராசேந்திர சோழனின் 8ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்த கரந்தைச் செப்பேட்டின் வடமொழிப் பகுதி, காம்போச மன்னன் தன் அரசுரிமையைக் காத்துக்கொள்ளும் பொருட்டு இராசேந்திரனுக்குத் தேர் ஒன்றை அனுப்பி நட்பு வேண்டியதைக் குறிப்பிடுகிறது. அம்மன்னன் கெமர் நாட்டை ஆண்ட முதலாம் சூரியவர்மன் என்பது ஆய்வாளர் துணிபு. ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு கழித்து, கி.பி. 1114ஆம் ஆண்டைச் சேர்ந்த சிதம்பரம் கல்வெட்டு ஒன்று, காம்போச அரசன் முதலாம் குலோத்துங்கனுக்குக் காட்டிய கல்லொன்று தில்லைக் கோயிலில் பதிக்கப்பட்ட செய்தியைத் தருகிறது. அங்கோர் வாட்டைக் கட்டிய இரண்டாம் சூரியவர்மன் கி.பி. 1113இல் அரியணை ஏறியவன். ஆகவே அப்பெருங்கோயில் எழுந்த காலத்தில் காம்போசத்தின் கல்லொன்று தில்லை மண்டபத்தில் இடம்பெற்றிருந்தது.

இவற்றினும் தமிழ்நெஞ்சைத் தொடுவது பான்டே ஸ்ரீ என்னும் சிறு கோயிலின் சிற்பம். கி.பி. 967இல் குடமுழுக்குப் பெற்ற அக்கோயிலில், ஆடும் சிவனின் அருகே, தசை வற்றி முலை திரங்கிய பெண் உருவம் ஒன்று அமர்ந்திருக்கிறது. அது காரைக்கால் அம்மையார் எனக் கலை வரலாற்றறிஞர் பலர் கொள்வர். கடல் கடந்து சென்றவை படையும் வணிகமும் மட்டுமல்ல. ஒரு தமிழ்ப் பெண் புலவரின் உருவமும் சென்றது. அரசர் பலர் பெயரை ஆய்வாளர் தேடிக் கண்டெடுக்க வேண்டியிருக்க, ஆடலின் அருகே அமர்ந்து பாடிய ஒருவரை அந்நாட்டுச் சிற்பி மறவாது செதுக்கினான்.

முள்ளிநாட்டுக் கோயில்கள்

ஏறத்தாழ கி.பி. 1020இல் இராசேந்திரன் தன் மகனைச் சோழ பாண்டியன் என்னும் பட்டத்துடன் பாண்டிய நாட்டை ஆள அமர்த்தினான். அவ்வாட்சிக் காலத்தில், சேர மன்னன் இராசசிங்கன் எடுப்பித்த திருமால் கோயிலே இன்றைய மன்னார்கோயில். இராசேந்திர சோழ விண்ணகரம் என்பது அதன் அக்காலப் பெயர். பாண்டிய மண்ணில், சேரன் எடுத்த கோயில், சோழன் பெயர் தாங்கியது என்னும் ஒரு செய்தியிலேயே அந்நாளைய அரசியல் முழுவதும் அடங்கிவிடுகிறது. நின்றும் இருந்தும் கிடந்தும் திருமால் காட்சி தரும் மூன்று தளங்களைக் கொண்ட அட்டாங்க விமானம் அதன் சிறப்பு. குலசேகர ஆழ்வாரின் இறுதிக் காலத்தோடும் இவ்வூரை இணைத்துப் பேசுவது வைணவ மரபு.

திருவாலீசுவரம் அதனினும் சற்று முற்பட்டது. சோழப் படைப்பிரிவாகிய மூன்றுகை மகாசேனை தன் வெற்றிகளை அடுக்கிக் கூறி, இக்கோயிலையும் அதன் பண்டாரத்தையும் பணிசெய்வோரையும் தன் காவலில் ஏற்ற செய்தியைக் கூறும் கல்வெட்டு இங்கு உண்டு. படை ஒன்று கோயிலுக்குக் காவலாக நின்ற இந்நிகழ்ச்சி சோழர் ஆட்சியமைப்பை ஆராய்வோர்க்கு அரிய சான்றாகும். விமானத்தின் முதல் தளத்தில் சிவபெருமானின் பல்வேறு கோலங்கள் வரிசையாகச் செதுக்கப்பட்டுள்ளன. தெற்கில் ஆடவல்லானும், மேற்கில் இலிங்கோற்பவரும், வடக்கில் யானையுரித்த பெருமானும் நடுவிடம் பெறுகின்றனர். ஒவ்வொரு கோலமும் ஒரு முழத்துக்குச் சற்று மேற்பட்ட இடத்துள் ஒடுங்கி நிற்கும் நுண்பணியாதலால், நிமிர்ந்து நின்று பொறுமையோடு காண்பவர்க்கே அவை தம்மைக் காட்டும்.

ஒளியும் கல்லும்

அங்கோர் வாட் மேற்கு நோக்கிய கோயில். ஆதலின் விடியலில் அதன் முன் நிற்பவர் கதிரவனையும் எதிர்நோக்கி நிற்கிறார். ஞாயிறு கோயிலின் பின்புறம் எழுகிறது. சம இரவுநாளை ஒட்டிய காலைகளில் மேற்கு வாயிலருகே நிற்போர்க்கு அது நடுக்கோபுரத்தின் உச்சியிலேயே உதிப்பதாகத் தோன்றும். இவ்வமைப்பை விளக்கிய வானியல் ஆய்வொன்று 1976இல் வெளிவந்தது. ஆனால் அந்நேரத்தில் கோயில் கரிய நிழலாகவே நிற்கும். சிற்பம் ஒன்றும் புலப்படாது. காட்சியின் பெருமை வடிவத்துக்கே உரியது. செதுக்கிய கைக்கு உரியதன்று.

முள்ளிநாட்டுச் சிவன் கோயிலின் நிலை இதற்கு நேர்மாறானது. கிழக்கு நோக்கிய கோயிலின் முன் நிற்பவர் முதுகில் வெயில் படுகிறது. பின்னணியில் பொதிகைத் தொடர். முதலொளி உயர்ந்த மலைமுடிகளில் பட்டுச் சரிவில் இறங்கி, அதன் பின்னரே வயலையும் விமானத்தையும் அடைகிறது. அங்கோரில் கோயில் கதிரவனைக் காட்டுகிறது. இங்கே கதிரவன் கோயிலைக் காட்டுகிறது.

எல்லா மாதமும் எல்லாச் சுவரையும் அது காட்டுவதில்லை. மார்கழியில் ஞாயிறு இவ்வகலாங்கில் நேர்கிழக்கிலிருந்து ஏறத்தாழ 24 பாகை தெற்கே விலகி எழுகிறது. அப்போது தென்சுவரை வெயில் சாய்வாகத் தழுவிச் செல்லும். மரமும் மதிலும் மறைக்காத உயரத்தில் உள்ள ஆடவல்லானின் தூக்கிய திருவடியும் வீசிய கரமும், ஒளிக்கும் நிழலுக்கும் இடையே புடைத்து எழும் காலம் அதுவே. திருவாதிரைத் திருநாளும் அம்மாதத்தில் வருவதை எண்ணிப் பார்த்தல் வேண்டும். ஆனியில் ஞாயிறு வடக்கே விலகி எழுவதால் தென்சுவர் நிழலில் ஆழ்ந்துவிட, வடசுவரின் யானையுரித்த கோலம் ஒளி பெறும். மேற்குச் சுவரின் இலிங்கோற்பவரைக் காலையில் காண முயல்வது வீண். மாலையில் மீண்டும் வர வேண்டும். சிற்பி இவற்றையெல்லாம் கணக்கிட்டே செய்தானா என்பது வேறு ஆய்வு. காண வருவோர் கணக்கிட்டு வருதல் நன்று.

பொருநையின் கீழ்ப்பகுதியில் திருவைகுண்டம் கள்ளபிரான் கோயிலில், சித்திரையிலும் ஐப்பசியிலும் இளங்கதிர் மூலவர் மீது படும் என்பது ஊர்மரபு. அவ்விரு மாதங்களின் தொடக்கமும் விசு எனப் பெயர் பெற்றவை. பகலும் இரவும் ஒத்திருத்தல் என்பதே அச்சொல்லின் பொருள். இன்று சம இரவுநாள்கள் மார்ச்சு, செப்டம்பர் மாதங்களின் மூன்றாம் வாரத்தையொட்டி வருகின்றன. நம் பஞ்சாங்க விசுவோ மூன்று வாரத்துக்கு மேல் பிந்தி வருகிறது. ஞாயிறு நகர்ந்த பின்னும் நினைவு பழைய இடத்திலேயே நின்றுவிட்டது போலும். அங்கோரின் சம இரவுநாளும் திருவைகுண்டத்தின் சித்திரை ஐப்பசியும் ஒரே வினாவின் இரு விடைகள் எனலாம்.

சாய்வொளியில் கல்வெட்டு

கல்வெட்டுப் படிப்போர்க்கும் காலைவெயிலே துணை. உச்சிவெயிலில் தேய்ந்த எழுத்து சுவரோடு சுவராகிவிடும். சாய்ந்த ஒளியில் கீறலின் ஒரு விளிம்பு மினுங்க, மறுவிளிம்பு கருக்க, எழுத்து எழுந்து நிற்கும். ஆயின் கீறல் எஞ்சியிருந்தால்தான் ஒளி உதவும். சுண்ணாம்புப் பூச்சும் எண்ணெய்ப் பிசுக்கும் எழுத்தை மறைத்தன. அவற்றை நீக்க வந்த மணல்வீச்சு முறையோ தமிழகக் கோயில்கள் பலவற்றில் எழுத்தையே தேய்த்தது. தொன்மைச் சின்னங்களையும் கோயில்களையும் காப்பது குறித்துச் சென்னை உயர் நீதிமன்றம் 2021 ஜூனில் 75 ஆணைகளைப் பிறப்பித்ததன் பின்னணியில் இத்தகைய இழப்புகள் உண்டு.

அங்கோரும் இதற்கு விலக்கன்று. இந்தியத் தொல்லியல் துறை 1986 முதல் 1993 வரை அங்கோர் வாட்டில் சீரமைப்புப் பணி செய்தது. போர் ஓயாத நாட்டில், பிறர் வரத் தயங்கிய காலத்தில் செய்த உதவி அது. எனினும் கல்லின் மேற்பரப்பைத் தூய்மை செய்த முறை பின்னர்க் கடும் விவாதத்துக்கு உள்ளாயிற்று. நல்லெண்ணம் மட்டும் கல்லைக் காவாது.

காட்டுவோர்

கல்லினும் விரைந்து அழிவது கல்லைப் பற்றிய அறிவு. 1975 முதல் 1979 வரை நிகழ்ந்த கெமர் ரூழ் ஆட்சியின் கொடுமையில் அங்கோரின் கோபுரங்கள் பெரும்பாலும் நின்றன. அவற்றைக் கற்றிருந்த கம்போடியத் தொல்லியலாளரில் மிகச் சிலரே உயிர் தப்பினர். கோயில் இருந்தது; சொல்ல ஆளில்லை. பின்னர் புனோம் பென் நகரில் தொல்லியல் கல்வி மீண்டும் தளிர்த்தது. 1992இல் அங்கோர் உலகப் பாரம்பரியச் சின்னமாகவும், உடனே அழிவின் விளிம்பில் உள்ள சின்னமாகவும் பட்டியலிடப்பட்டது. 2004இல் அந்த இரண்டாம் பட்டியலிலிருந்து நீங்கியது. இன்று வைகறையில் குழுவை நடத்திச் செல்லும் வழிகாட்டி, அவ்வழிவுக்குப் பின் மீளக் கட்டப்பட்ட ஓர் அறிவுமரபின் வழித்தோன்றல்.

பொருநைக் கரையில் குழுவாகச் சென்று கோயில் காணும் வழக்கம் புதிதன்று. பாபநாசம் முதல் சேர்ந்தபூமங்கலம் வரையுள்ள நவகைலாயத் தலங்களுக்கு மார்கழி ஞாயிறுகளிலும், நவதிருப்பதிகளுக்குப் புரட்டாசிச் சனிக்கிழமைகளிலும் அரசுப் போக்குவரத்துக் கழகம் சிறப்புப் பேருந்துகளை இயக்கிவந்துள்ளது. விடியலில் புறப்பட்டு ஒரே நாளில் ஒன்பது தலங்களையும் தரிசிக்கும் அன்பர் பல்லாயிரவர். அப்பயணம் பக்தியின் தேவையை நிறைவு செய்கிறது. ஒரு தலத்துக்குக் கிடைக்கும் சிறுபொழுதில் சுவரைப் படிக்க இடமில்லை. அதற்காக அது ஏற்பட்டதும் அன்று. படிக்கும் பயணம் வேறு. அது பத்துப் பேருக்கு மேற்படாத குழுவுக்கே இயலும். மன்னார்கோயில் விமானத்தின் குறுகிய படிகளே அதற்குச் சான்று.

அப்பயணத்துக்கு வழிகாட்டி யார் என்னும் வினா மாஞ்சோலையை நோக்கித் திரும்புகிறது. சிங்கம்பட்டி சமீன் நிலத்தில் 1929இல் 99 ஆண்டுக் குத்தகையாகத் தொடங்கிய தேயிலைத் தோட்டங்கள் மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டி என மலையெங்கும் குடியிருப்புகளை உண்டாக்கின. கூலி உயர்வும் உரிமையும் வேண்டி அத்தொழிலாளர்க்காக 1999 ஜூலை 23 அன்று நெல்லையில் நடந்த பேரணி காவல்துறைத் தடியடியில் முடிய, தாமிரபரணி ஆற்றில் 17 உயிர்கள் பறிபோயின. 2024இல் தோட்டப் பணி முடிவுக்கு வர, தலைமுறைகளாக வாழ்ந்தோர் மலையை விட்டு இறங்க நேர்ந்தது. காடு தன் இயல்புக்கு மீள்வது நாட்டுக்கு நலமே. ஆனால் எந்த முடியில் முதல் வெயில் படும், எந்தக் கணவாயில் மூடுபனி தங்கும், எந்தப் பாறைக்கு என்ன பெயர் என்னும் அறிவு அம்மக்களோடு இறங்கி, நகரத்துத் தெருக்களில் கலைந்து போகிறது. அங்கோரில் கொடுமை செய்ததை இங்கே மறதி செய்துவிடக் கூடாது. மலையை அறிந்தவரும் எழுத்தை அறிந்தவரும் ஒருவரையொருவர் அறியாமலே போவது இப்பள்ளத்தாக்கின் இழப்பு.

நிறைவாக

வைகறைப் பயணம் எனின் அழகிய காட்சி ஒன்றைக் கண்டு மீள்வது என்று பொருள்கொள்ளுதல் எளிது. முள்ளிநாட்டுக் கோயில்கள் அதனினும் மிகுதியாக வேண்டுகின்றன. மார்கழியில் தென்சுவர், ஆனியில் வடசுவர், மாலையில் மேற்குச் சுவர் என ஆண்டு முழுதும் மீண்டும் மீண்டும் வரச் சொல்கின்றன. கல்வெட்டை உரக்கப் படித்துக் காட்ட ஒருவர், மலையின் பெயர்களைச் சொல்ல ஒருவர், கேட்க எண்மர் போதும். பெருந்திட்டமோ பெரும்பொருளோ இதற்கு வேண்டுவதில்லை. பத்தாண்டு காலம் கூடிக் கவிதை படித்த ஓர் இலக்கிய வட்டத்துக்கு இது இயலாத பணியும் அன்று.

பான்டே ஸ்ரீயில் ஆடலின் அருகே அமர்ந்திருக்கும் மூதாட்டிக்குக் கோயில் கட்டிய பொருளில்லை, காத்த படையில்லை. கண்டார், பாடினார். ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக அந்த அருகிடம் அவருக்கே உரியதாக இருக்கிறது. திருவாலீசுவரத்துத் தென்சுவரில் ஆடவல்லான் மார்கழி வெயிலுக்குக் காத்து நிற்கிறான். அருகே அமரப் புலவர் வர வேண்டும்.