சூரியக் குடும்பத்தை இங்கிலீஷில் நடத்திய கதை

பதிவு கொஞ்சம் நீளம். காபியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

போன வாரம் பரணைச் சுத்தம் செய்தபோது பழைய நோட்டு ஒன்று கிடைத்தது. 1997-இல் திருப்போரூரில் ஒன்பதாம் வகுப்புக்கு இங்கிலீஷ் எடுத்தபோது நீங்கள் எழுதிக் கொடுத்த தாள்களைச் சேர்த்துத் தைத்து வைத்திருக்கிறேன். கட்டுரையை மனப்பாடமாக ஒப்பிப்பீர்கள். சொந்தமாக ஒரு வாக்கியம் இங்கிலீஷில் பேசச் சொன்னால் தலை குனிந்துவிடும். அதனால் கிரகத்துக்கு நாலு பேர் என்று குழு பிரித்தேன். நூலகமோ, கோயிலோ, வீட்டுப் பெரியவர்களோ, யாரிடம் வேண்டுமானாலும் விசாரித்து வந்து இங்கிலீஷில் சொல்ல வேண்டும். அவ்வளவுதான் வேலை.

முதலில் பேசியது சனிக் குழு. "சாட்டர்டே, சாட்டர்ன்! சனிக்கிழமைக்கு இங்கிலீஷிலும் சனிதான் சார்" என்றார்கள். வகுப்பே பரபரப்பானது. ஞாயிறு சன், திங்கள் மூன், சரியாக வந்தது. செவ்வாயில் முட்டியது. டியூஸ்டேயில் மார்ஸ் எங்கே? எனக்கும் அன்று தெரியாது. நூலகத்தில் தேடிப் பார்த்து மறுவாரம் சொன்னேன். ரோமானியர்கள் மார்ஸ் பெயரை வைத்த நாளுக்கு வடக்கு ஐரோப்பியர்கள் தங்கள் தெய்வமான டியூவின் பெயரை வைத்தார்கள். புதனுக்கு வோடன், வியாழனுக்குத் தோர், வெள்ளிக்குப் பிரிக். பெயர்கள் மாறினாலும் கிழமைகளின் வரிசை மாறவில்லை. அன்று நீங்கள் பேசிய இங்கிலீஷில் இலக்கணம் இல்லை, ஆனால் பயமும் இல்லை.

நான் சொல்ல வந்தது அடுத்து நடந்தது. வியாழன் குழுவில் ஒருவன் எழுந்து, "சார், ராகு கேதுவுக்குக் குழு இல்லையா?" என்று கேட்டான். அவன் தாத்தா பஞ்சாங்கம் கணிக்கத் தெரிந்தவர். அந்த செப்டம்பர் 16 இரவு முழுச் சந்திர கிரகணம் வரவிருந்தது. அது எத்தனை நாழிகைக்குப் பிடித்து எத்தனை நாழிகைக்கு விடும் என்று தாத்தா போட்ட கணக்கை ஒரு சீட்டில் எழுதி வந்திருந்தான். "அது ஜோசியம்டா, சயின்ஸ் இல்லை, உட்கார்" என்றேன். வகுப்பு சிரித்தது. சீட்டை மடித்து சட்டைப் பையில் போட்டுக்கொண்டான். அதற்குப் பிறகு அந்த வருடம் அவன் எதையும் கொண்டு வரவில்லை.

ஓய்வு பெற்ற பிறகுதான் படிக்க நேரம் கிடைத்தது. ஜான் வாரன் என்பவர் சென்னை வானாய்வகத்தில் பொறுப்பு வகித்தவர். 1825-இல் சென்னையில் அச்சான 'கால சங்கலித' என்ற அவருடைய நூலில், புதுச்சேரியில் இருந்த தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதர் ஒருவரைப் பற்றி எழுதியிருக்கிறார். அந்த மனிதர் தரையில் சோழிகளை வைத்து, வாய்பாடுகளைச் சொற்களாக மனப்பாடம் செய்து வைத்திருந்து, காகிதம் பேனா இல்லாமல் 1825 மே 31 இரவின் சந்திர கிரகணத்தைக் கணித்தார். தொடக்கத்தில் பிழை 4 நிமிடம், நடுவில் 23, முடிவில் 52. முடிவில் ஏறக்குறைய ஒரு மணி நேரம் தவறுவது பெரிய தவறுதான், மறைக்க வேண்டியதில்லை. ஆனால் சோழியை நகர்த்தித் தொடக்கத்தை 4 நிமிடத்துக்குள் சொன்ன கணக்கை ஜோசியம் என்று தள்ள முடியுமா? 1952-இல் நியூகபவர் என்ற கணித வரலாற்றாளர் இதை எடுத்து ஆராய்ந்தார். பழைய பாபிலோனியக் கணக்கு முறைகளின் சாயல் அதில் இருப்பதைக் காட்டினார்.

(நம் ஊர்ப் பக்கத்துக்கும் ஒரு தொடர்பு உண்டு. வாரனுக்கு முன்பே அந்த வானாய்வகத்தில் இருந்த கோல்டிங்காம்தான் மாமல்லபுரத்துச் சிற்பங்களைப் பற்றி 1798 வாக்கில் ஆங்கிலத்தில் கட்டுரை எழுதியவர். நட்சத்திரம் பார்த்தவர் நம் கடற்கரைக்கும் வந்திருக்கிறார்.)

என்னைப் போலவே இங்கிலீஷையும் வானத்தையும் சேர்த்து நடத்தியவர்கள் எனக்கு நூற்றைம்பது வருடம் முன்பே யாழ்ப்பாணத்தில் இருந்தார்கள். 1823-இல் அமெரிக்க மிஷன் வட்டுக்கோட்டையில் செமினரி தொடங்கியது. தலைவர் டேனியல் பூவர். தமிழ்ப் பையன்களுக்கு இங்கிலீஷ் வழியாகக் கணிதமும் வானியலும் சொல்லிக் கொடுத்தார்கள். 1829 மார்ச் சந்திர கிரகணத்தின்போது, ஊரில் பேர்பெற்ற பஞ்சாங்கக்காரர் விஸ்வநாத சாஸ்திரியின் கணக்கில் பிழை இருக்கிறது என்று பூவர் முன்கூட்டியே சொன்னார். பூவர் சொன்னபடிதான் நடந்தது. சமயத்தில் ஆள் சேர்ப்பதுதான் பூவரின் நோக்கம், அதையும் சொல்லிவிட வேண்டும். ஆனால் அவருக்குப் பின் வந்த ஹாய்சிங்டன் வேறு மாதிரி. நம்மவர்களின் கிரகக் கணிதத்தைப் படித்து, 1848-இல் தமிழ் மூலத்தோடு ஆங்கில மொழிபெயர்ப்பும் விளக்கமும் சேர்த்து அச்சிட்டார். இருவரில் எனக்கு ஹாய்சிங்டனைத்தான் பிடிக்கிறது. நான் வகுப்பில் செய்தது பூவர் வேலை.

இரண்டையும் கையில் பிடித்தவர் ஒருவர் சென்னையிலேயே இருந்தார். சிந்தாமணி ரகுநாதாச்சாரி, சென்னை வானாய்வகத்தின் முதல் உதவியாளர். 1867-இல் ஒளி மாறும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டுபிடித்தவர். திருத்திய கணக்கோடு பஞ்சாங்கமும் வெளியிட்டவர். 1874 டிசம்பரில் வெள்ளி சூரியனைக் கடக்கப் போகிறது என்றதும் மக்களுக்கு விளக்க ஒரு சிறு நூல் எழுதினார், ஆங்கிலத்திலும் சில இந்திய மொழிகளிலும். இரண்டு பேர் பேசிக்கொள்ளும் உரையாடலாக எழுதினார். அதைப் படித்தபோது உங்கள் வகுப்புதான் ஞாபகம் வந்தது. இரண்டு பையன்களை எதிரெதிரே நிறுத்தி அந்த உரையாடலைப் பேச வைத்திருக்கலாமே!

ராகு கேதுவுக்கு வருகிறேன். சந்திரனின் பாதை சூரியனின் பாதைக்கு ஏறக்குறைய 5 டிகிரி சாய்ந்தது. இரண்டும் வெட்டும் இரண்டு புள்ளிகளே ராகுவும் கேதுவும். பௌர்ணமியோ அமாவாசையோ அந்தப் புள்ளிகளுக்கு அருகில் வந்தால்தான் கிரகணம். புள்ளிகள் பின்னோக்கி நகர்ந்து 18.6 வருடத்தில் ஒரு சுற்று வரும். ராகு பெயர்ச்சி ஒன்றரை வருடத்துக்கு ஒருமுறை, பன்னிரண்டு ராசிக்கு 18 வருடம். பையன் கேட்டது சரியான கேள்வி. குழு போட்டிருக்க வேண்டும்.

1997 செப்டம்பர் 16 இரவு நானும் மொட்டை மாடியில் நின்று கிரகணம் பார்த்தேன். நள்ளிரவில் நிலா செம்பு நிறமாக இருந்தது. கையில் கடிகாரம் இருந்தது, சீட்டு இல்லை. நோட்டைப் பக்கம் பக்கமாகப் புரட்டினேன், எல்லாக் குழுவின் தாளும் இருக்கிறது, அது மட்டும் இல்லை.

பெயர் போடவில்லை தம்பி, நீ படித்தால் உனக்கே தெரியும். போன் பண்ணு. மன்னிப்புக் கேட்க வேண்டும். தாத்தா சோழி வைத்தாரா, மனக்கணக்கா, அந்த ராத்திரி அவர் சொன்ன நேரம் எத்தனை நிமிடம் தள்ளிப்போனது என்பதையும் கேட்க வேண்டும்.