குப்ருஸ் தீவில் ஒரு பகல்

நாடுகளின் எல்லைகளை மலைகளும் ஆறுகளும் வகுத்துக் கொடுத்த காலம் ஒன்றிருந்தது. பின்னர் அந்த வேலையை எழுதுகோல்கள் எடுத்துக்கொண்டன. நம் துணைக்கண்டத்தின் உடலில் 1947இல் ஓடிய கோட்டை நாம் அறிவோம். அதே ஆட்சியின் தளபதிகளுள் ஒருவரான மேஜர் ஜெனரல் பீட்டர் யங் என்பவர், 1963 டிசம்பர் இறுதியில், நிக்கோஸியா நகரின் வரைபடத்தின் மீது பச்சைப் பென்சிலால் ஒரு கோடு இழுத்தார். கிரேக்கரும் துருக்கியரும் ஒருவரையொருவர் சுட்டுக்கொண்டிருந்த தெருக்களில் சண்டையை நிறுத்துவதற்கான தற்காலிக ஏற்பாடு அது. அறுபது ஆண்டுகள் கடந்தும் அந்தப் பச்சைக் கோடு அழியவில்லை.

அந்தத் தீவுதான் சைப்ரஸ். அரபு வரலாற்றாசிரியர்கள் அதனைக் 'குப்ருஸ்' என்று எழுதினார்கள். மத்திய தரைக்கடலில் சிசிலிக்கும் சார்டினியாவுக்கும் அடுத்த பெரிய தீவு; பரப்பளவு 9,251 சதுர கிலோமீட்டர். 2019ஆம் ஆண்டின் தொடக்கத்தில், குளிர்கால நாளொன்றில், வழிகாட்டியுடன் செல்லும் பயணக் குழு ஒன்றில் சேர்ந்து, அத்தீவின் இரு பகுதிகளையும் ஒரே பகலில் சுற்றிவரும் வாய்ப்பு நமக்குக் கிட்டியது.

காலையில் நம் பேருந்து முதலில் நின்றது லார்னகா நகரை அடுத்த உப்பு ஏரிக்கரையில். மாரிநீர் நிறைந்த ஏரியில் செந்நாரைகள் கூட்டங்கூட்டமாக நின்றிருந்தன. மறுகரையில், பேரீச்ச மரங்களுக்கிடையே, ஒரு குவிமாடமும் ஒரு மினாராவும் தெரிந்தன. 'ஹாலா ஸுல்தான் தெக்கே' என்று துருக்கியர் அதனை அழைக்கிறார்கள். 'ஹாலா' என்றால் அத்தை. அங்கே அடங்கியிருப்பவர் அண்ணல் நபி (ஸல்) அவர்களின் பணியாளரான அனஸ் (ரலி) அவர்களின் சிறிய தாயார் உம்மு ஹராம் பின்த் மில்ஹான் (ரலி) என்பது வழிவழி வரும் செய்தி.

அவர்களின் வரலாறு நம் இல்லங்களில் ஹதீஸ் வாயிலாக அறியப்பட்டதே. பெருமானார் (ஸல்) அவர்கள் அவ்வம்மையாரின் இல்லத்தில் கண்ணயர்ந்து, புன்முறுவலுடன் விழித்தெழுந்து, தம் சமுதாயத்தினர் சிலர் அரியணையில் அமர்ந்த அரசர்களைப் போலக் கடல்மீது செல்வதைக் கனவில் கண்டதாகக் கூறினார்கள். 'அவர்களில் நானும் ஒருத்தியாக இருக்கப் பிரார்த்தியுங்கள்' என வேண்டினார் அம்மையார். பெருமானாரும் அவ்வாறே பிரார்த்தித்தார்கள். ஆண்டுகள் உருண்டன. கடற்படையெடுப்புக்குக் கலீபா உமர் (ரலி) அவர்கள் இசைவு தரவில்லை. கலீபா உதுமான் (ரலி) அவர்களோ, எவரையும் கட்டாயப்படுத்தலாகாது, விரும்பி வருவோரை மட்டுமே அழைத்துச் செல்ல வேண்டும் என்னும் நிபந்தனையுடன் சிரியாவின் ஆளுநர் முஆவியா (ரலி) அவர்களுக்கு இசைவளித்தார்கள். ஹிஜ்ரீ 28ஆம் ஆண்டளவில், அதாவது கி.பி. 649 வாக்கில், குப்ருஸ் நோக்கிச் சென்ற அக்கப்பல்களில் தம் கணவர் உபாதா இப்னு ஸாமித் (ரலி) அவர்களுடன் உம்மு ஹராம் அம்மையாரும் இருந்தார். கரையிறங்கியபின் ஊர்தியிலிருந்து விழுந்து உயிர் நீத்தார். இன்று நாம் காணும் பள்ளிவாசலும் அடக்கத்தலக் கட்டடமும் 18ஆம் நூற்றாண்டுக்கும் அதற்குப் பிற்பட்ட காலத்துக்கும் உரியவை. தீவு பிளவுண்டபின் இத்தலம் கிரேக்கர் வாழும் தென்பகுதியில் அகப்பட்டுக்கொண்டது.

நம் வழிகாட்டி ஐம்பது வயதைக் கடந்த கிரேக்க மாது. வாயிலருகே காலணிகளைக் கழற்றிவிட்டு, முக்காட்டைச் சரிசெய்துகொண்டு, நம்மோடு உள்ளே வந்து அமைதியாக நின்றார். பின்னர் லார்னகா நகரின் ஓரத்தில் உயர்ந்து நிற்கும் வளைவுகளைக் காட்டினார். துருக்கிய ஆளுநராயிருந்த அபூபக்கர் பாஷா 1740களில் தம் செலவில் கட்டத் தொடங்கி வக்ஃப் செய்த நீர்க்கால்வாய் அது. 1939 வரை அந்நகரத்தார் அனைவருக்கும் அதுவே குடிநீர் தந்தது. "என் பாட்டியார் குடித்த தண்ணீர் இது" என்றார் அம்மாது.

நிக்கோஸியாவை நோக்கிப் பேருந்து விரைந்தபோது, அத்தீவின் பழங்கதை நம் உள்ளத்தில் ஓடியது. முஆவியா (ரலி) அவர்கள் குப்ருஸ் மக்களுடன் செய்துகொண்ட உடன்படிக்கை வியப்புக்குரியது. அம்மக்கள் ஆண்டுதோறும் 7,200 தீனார் முஸ்லிம்களுக்குச் செலுத்த வேண்டும். ரோமப் பேரரசுக்கும் அதே அளவு செலுத்திக்கொள்ளலாம். அதனை முஸ்லிம்கள் தடுக்கமாட்டார்கள். இந்த ஏற்பாடு ஒருமுறை முறிந்து, மீண்டும் போர் மூண்டது உண்மையே. எனினும் 688இல் கலீபா அப்துல் மலிக்கும் ரோமப் பேரரசர் இரண்டாம் ஜஸ்டினியனும் தீவின் வரிவருவாயைப் பங்கிட்டுக்கொள்ள ஒப்புக்கொண்டனர். அதன்பின் 965இல் ரோமர் தீவு முழுவதையும் கைப்பற்றும் வரை, ஏறத்தாழ 300 ஆண்டுகள், இரு பேரரசுகளுக்கிடையே பொதுநிலமாக அத்தீவு விளங்கிற்று.

அக்காலத்திலும் ஐயங்கள் எழாமலில்லை. உமையா கலீபா வலீத் இப்னு யஸீத், வெறும் சந்தேகத்தின் பேரில் குப்ருஸ் மக்கள் பலரைச் சிரியாவுக்கு நாடு கடத்தினார். முஸ்லிம்களே அச்செயலை வெறுத்தனர். அடுத்து வந்த யஸீத் இப்னு வலீத் அவர்களைத் தாயகத்துக்குத் திருப்பியனுப்பினார். பின்னர் அப்பாஸியர் காலத்தில், குப்ருஸ் மக்களிற் சிலர் கலகம் செய்தபோது, உடன்படிக்கையை முறித்துவிடலாமா என்று எல்லைப்புற ஆளுநர் அக்காலத்துச் சட்ட அறிஞர்களிடம் கருத்துக் கேட்டார். அவர்கள் எழுதியனுப்பிய விடைகளை வரலாற்றாசிரியர் பலாதுரீ தம் 'ஃபுதூஹுல் புல்தான்' நூலில் தொகுத்து வைத்திருக்கிறார். எல்லாரும் ஒரே குரலில் பேசவில்லை. ஓராண்டு அவகாசம் தந்து முடிவுரைக்கலாம் என்றவர் உண்டு. இமாம் மாலிக் (ரஹ்) அவர்களோ, தெளிவான ஆதாரம் கிடைக்கும் முன் உடன்படிக்கையை முறிக்க விரையலாகாது என்றார்கள். தலைவர்கள் செய்த பிழையில் பொதுமக்களுக்குப் பங்கிராமலிருக்கலாம் என எழுதினார் மூஸா இப்னு அஃயன் என்னும் மற்றோர் அறிஞர். இவ்வொரு வாக்கியத்தின் கருத்தை 20ஆம் நூற்றாண்டு நினைவில் வைத்திருந்தால் அத்தீவில் எத்தனை வீடுகள் எரியாமல் தப்பியிருக்கும்!

965க்குப் பின்னர் ஆண்டவர்கள் பலர். 1191இல் இங்கிலாந்து மன்னர் ரிச்சர்ட் தீவைப் பிடித்தார். அடுத்து லூஸிஞான் மரபினர். 1489 முதல் வெனிஸ் நகர வணிக அரசு. 1570-71இல் உதுமானியத் துருக்கியர். 1878 முதல் பிரிட்டிஷார். 1960 ஆகஸ்ட் 16ஆம் நாள் தீவு விடுதலை பெற்றது. மக்கள்தொகையில் நூற்றுக்கு 78 பேரளவில் கிரேக்கர், 18 பேரளவில் துருக்கியர். பேராயர் மக்காரியோஸ் குடியரசுத் தலைவர், டாக்டர் ஃபாஸில் குச்சுக் துணைத்தலைவர். கிரேக்கருள் பலர் கிரீஸுடன் இணைய விரும்பினர். துருக்கியருள் பலர் பிரிவினையை விரும்பினர். அதனால் அரசியல் சட்டம் மூன்றாண்டு தாங்கவில்லை. 1963 டிசம்பரில் இரத்தம் சிந்தியது. சுமார் 25,000 துருக்கியர் தம் ஊர்களை விட்டோடி ஒதுக்கிடங்களில் நெருங்கி வாழ்ந்தனர்.

அமைதி காக்க 1964 மார்ச்சில் ஐக்கிய நாடுகள் படை வந்தது. அதன் முதல் தளபதி நம் நாட்டவரான ஜெனரல் கியானி. அவரையடுத்துப் பொறுப்பேற்ற குடகு வீரர் ஜெனரல் திம்மய்யா 1965 டிசம்பரில் அத்தீவிலேயே, பணியிலிருக்கும்போதே, காலமானார். சைப்ரஸ் அரசு அவர் நினைவாக அஞ்சல்தலை வெளியிட்டது.

1974 ஜூலை 15இல், கிரீஸை ஆண்ட இராணுவக் குழுவின் தூண்டுதலால் மக்காரியோஸ் ஆட்சி கவிழ்க்கப்பட்டது. ஐந்தாம் நாள் துருக்கியப் படை வடகரையில் இறங்கிற்று. ஆகஸ்ட் 16இல் போர் ஓய்ந்தபோது தீவின் மூன்றிலொரு பங்குக்கு மேல் அப்படையின் வசமிருந்தது. தெற்கு நோக்கி ஓடிய கிரேக்கர் 1,60,000 பேருக்கும் மேல். வடக்கு நோக்கிப் பெயர்ந்த துருக்கியர் சுமார் 45,000 பேர். 1983 நவம்பர் 15இல் வடபகுதி தன்னைத் தனிக் குடியரசாக அறிவித்துக்கொண்டது. துருக்கியைத் தவிர வேறெந்த நாடும் அதனை ஏற்கவில்லை.

நிக்கோஸியாவின் லெட்ரா வீதியில் நாம் இறங்கி நடந்தோம். இருமருங்கும் துணிக்கடைகள், காப்பிக் கடைகள். திடீரென வீதி முடிந்தது போல் ஒரு சாவடி. கடவுச்சீட்டைக் காட்டி, சில அடிகள் நடந்து, மற்றொரு சாவடியில் மீண்டும் காட்டினோம். இடைப்பட்ட அந்தத் துண்டு நிலம் எவருக்கும் சொந்தமில்லை. அடைபட்ட கதவுகள், சுவரில் குண்டு துளைத்த வடுக்கள், கூரையில் முளைத்த செடிகள். 180 கிலோமீட்டர் நீளம் கொண்ட அந்த இடைநிலம் சில இடங்களில் ஏழு கிலோமீட்டர் அகலம். இந்நகரிலோ, எதிரெதிர் மாடிகளிலிருந்து கைநீட்டினால் தொட்டுவிடும் போலிருந்தது. 2003 ஏப்ரல் 23 வரை பொதுமக்கள் தாராளமாகக் கடந்து செல்ல வழியில்லை. லெட்ரா வீதி திறந்தது 2008 ஏப்ரல் 3இல்.

அப்பால் நமக்காகத் துருக்கிய வழிகாட்டி ஒருவர் காத்திருந்தார். நம் கிரேக்க வழிகாட்டி அவரிடம் பொறுப்பை ஒப்படைத்துவிட்டு, இனிமேல் தாம் பேசப்போவதில்லை என்று சிரித்தவாறே குழுவின் பின்வரிசையில் சேர்ந்துகொண்டார். புதியவர் முதலில் காட்டியது ஒரு கட்டடத்தையன்று; காலடியிலிருந்த சாக்கடை மூடியை! நகரம் இரண்டானபின் கழிவுநீர் மட்டும் கோட்டை மதிக்க மறுத்தது. ஆகவே 1978இல் கிரேக்கப் பகுதி மேயர் லெல்லோஸ் தெமத்ரியாதேஸும் துருக்கியப் பகுதித் தலைவர் முஸ்தஃபா அக்கின்ஜியும் சந்தித்து, நகருக்கு ஒரே கழிவுநீர்த் திட்டம் என முடிவு செய்தனர். மேலே துப்பாக்கிகள் நின்றபோதும் கீழே குழாய்கள் இணைந்தன.

அடுத்து ஸெலீமிய்யா பள்ளிவாசல். 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழும்பத் தொடங்கிய கிறிஸ்தவப் பேராலயம் அது; 1570இல் நகர் வீழ்ந்தபோது பள்ளிவாசலாக்கப்பட்டது. கட்டடம் ஒரு திசை பார்க்க, தொழுகை விரிப்புகள் கிப்லாவை நோக்கிச் சாய்வாக விரிந்து கிடக்கின்றன. அவ்விரிப்பின்மீது நின்ற நம் உள்ளம் இரண்டுபட்டது. நானூற்று நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாகச் சுஜூது செய்யப்பட்ட தரை அது என்ற மகிழ்ச்சி ஒருபுறம். இடிக்கப்பட்ட நம் பள்ளிகளுக்காகக் கண்ணீர் சிந்தும் நாம், பிறர் இழந்த ஆலயத்துக்காக ஒரு கணம் நின்று சிந்திக்கவும் கடமைப்பட்டவர்களல்லவா என்னும் கேள்வி மறுபுறம். 1974க்குப் பின் வடக்கே பல தேவாலயங்கள் சூறையாடப்பட்டன. தெற்கே பல பள்ளிவாசல்கள் பாழடைந்தன. 2008 முதல் இரு சமூகத்தாரும் அமர்ந்த கூட்டுக்குழு ஒன்று இரண்டையும் செப்பனிட்டு வருகிறது என்பது ஆறுதல்.

பிற்பகலில் ஃபாமகுஸ்தாவை அடைந்தோம். லாலா முஸ்தஃபா பாஷா பள்ளிவாசலாகிவிட்ட பழைய பேராலயத்தின் முன் தொன்மையான அத்திமரம் ஒன்று நிழல் பரப்பி நிற்கிறது. அருகில்தான் துருக்கியக் கவிஞர் நாமிக் கெமால் 1873 முதல் 1876 வரை சிறைவைக்கப்பட்டிருந்தார்.

அங்கிருந்து கடற்கரை. முள்வேலிக்கப்பால் வரோஷா. ஒரு காலத்தில் உல்லாசப் பயணிகள் நிறைந்திருந்த நகர்ப்பகுதி. 1974 ஆகஸ்டில் மக்கள் வீட்டைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு ஓடினர். சில நாட்களில் திரும்பிவிடலாம் என்ற நம்பிக்கை. நாம் சென்றபோது கண்ணாடியிழந்த சன்னல்களுடன் பல மாடிக் கட்டடங்கள் வெறுமையாய் நின்றன. (2020 அக்டோபரில் அதன் ஒரு பகுதி பார்வையாளருக்குத் திறக்கப்பட்டது, வீட்டுக்குரியவர்கள் குடிதிரும்பவில்லை.) துருக்கிய வழிகாட்டி விளக்கிக்கொண்டே வந்தவர், சட்டென நிறுத்திப் பின்னால் திரும்பிப் பார்த்தார். அதுவரை பேசாதிருந்த கிரேக்க மாது வேலியருகே சென்று, விரலால் ஒரு திக்கைச் சுட்டினார். "மூன்றாவது வீதி. எலுமிச்சை மரம் இருந்த வீடு. அப்போது எனக்கு வயது எட்டு" என்றார். வேறொன்றும் சொல்லவில்லை.

துருக்கிய வழிகாட்டி தலைகுனிந்து, மெல்லிய குரலில், தம் தந்தையாரின் வீடு லார்னகாவில், அந்த நீர்க்கால்வாய்க்கு அருகில் இருந்தது என்றார். காலையில் நாம் கடந்து வந்த இடம்! இருவரும் சிறிது நேரம் கடலைப் பார்த்தபடி நின்றனர்.

காணாமற்போனோர் பட்டியலில் அத்தீவில் 2,002 பெயர்கள் உள்ளன: கிரேக்கர் 1,510, துருக்கியர் 492. இரு சமூகத்து அறிஞர்களும் ஒன்றாகக் குழிதோண்டி, எலும்புகளை எடுத்து, மரபணுச் சோதனை செய்து, ஆயிரத்துக்கும் மேற்பட்டோரை அடையாளங்கண்டு குடும்பத்தாரிடம் ஒப்படைத்திருக்கிறார்கள். தாயின் கண்ணீருக்கு மொழி ஏது? ஆனால் 2004 ஏப்ரல் 24இல் ஐ.நா. முன்வைத்த இணைப்புத் திட்டம் வாக்கெடுப்புக்கு வந்தபோது, துருக்கியரில் நூற்றுக்கு 65 பேர் ஏற்றனர். கிரேக்கரில் 76 பேர் மறுத்தனர். 2017இல் சுவிட்சர்லாந்தில் நடந்த பேச்சும் முடிவின்றிக் கலைந்தது.

மாலை மங்கும் வேளையில் தெரினியா சாவடி வழியாகத் தெற்கே திரும்பினோம். பேருந்து லார்னகாவை நெருங்கியபோது, உப்பு ஏரியின் மறுகரையில் அந்த ஒற்றை மினாரா இருளில் கறுத்துத் தெரிந்தது. மதீனாவில் பிறந்த மூதாட்டி ஒருவர் கிரேக்கர் நிலத்தில் துயில்கிறார். அவர் அடக்கத்தலத்தை இன்று காத்து நிற்பவர்களும் கிரேக்கரே. கோடு போட்டவர் பெயர் வரலாற்றில் ஒரு வரி. தண்ணீர் கொடுத்தவர் பெயரைச் சொல்ல இன்னும் ஒரு பேத்தி இருக்கிறாள். பிரிந்த வீட்டாருக்கு அல்லாஹ் வாயிற்கதவைத் திறந்துகொடுப்பானாக. அண்டை வீட்டாரை ஐயத்தின்பேரில் பகைக்கும் பிணியிலிருந்து நம்மையும் காப்பானாக!